ஆறு மணிக்குப் போட்ட டிக்

அந்த ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணிக்கு நான் எங்கே இருந்தேன் என்பதற்கு இரண்டு எழுத்துப் பதிவுகள் உண்டு. இரண்டும் என் கையால் எழுதியவை. ஒன்று, ஒரகடம் பக்கத்தில் நான் வேலை செய்யும் தொழிற்சாலையில் மூன்றாம் எண் பிரஸ்ஸின் பக்கவாட்டில் தொங்கிய சோதனைத் தாள். ‘காலை 6.00, இரு கைப் பட்டன்’ என்ற கட்டத்தில் ஒரு டிக்கும் என் சுருக்கொப்பமும் இருக்கின்றன. மற்றது என் டைரி. ‘6.00, வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரி. 6.20, ஆலயத்துக்குப் புறப்பாடு’ என்று அதில் இருக்கிறது. டைரியில்தான் உண்மை இருந்தது. ஆனால் தாளைத்தான் எல்லோரும் பார்த்தார்கள்.

பிரஸ் என்பது தகட்டை அச்சில் வைத்து அடித்து வடிவம் கொடுக்கும் இயந்திரம். முன்னால் இரண்டு பட்டன்கள் இருக்கும். இரண்டையும் இரண்டு கைகளாலும் ஒரே நேரத்தில் அழுத்தினால்தான் மேல் அச்சு இறங்கும். கைகள் இரண்டும் பட்டன்மேல் இருக்கும்போது அச்சுக்கு அடியில் கை இருக்க முடியாது. ஷிப்ட் தொடங்குமுன் அதைச் சோதிக்க வேண்டியது தரப்பிரிவில் இருந்த என் வேலை. முதலில் இடது பட்டனை மட்டும் அழுத்திப் பார்ப்பேன், பிறகு வலதை மட்டும். இரண்டு முறையும் பிரஸ் அசையக் கூடாது. ஒரு பிரஸ்ஸுக்கு நாற்பது நொடி ஆகும். எங்கள் பிரிவில் பன்னிரண்டு பிரஸ்கள். மொத்தம் எட்டு நிமிடம்.

மாதத்தின் முதல் ஞாயிறு எங்கள் சபையில் திருவிருந்து, அப்பமும் திராட்சைரசமும் பெறும் ஆராதனை. எங்கள் ஊரான சேரப்பணஞ்சேரியில் பாதிப் பேர் ஷிப்டுக்குப் போகிறவர்கள் என்பதால் ஆராதனையைக் காலை ஆறரைக்கே வைத்துவிட்டார்கள். அந்த ஞாயிற்றில் கம்பெனியில் ஓ.டி. என்ற கூடுதல் நேர வேலை இருந்தால் நான் சனிக்கிழமை மாலை ஐந்து மணிக்கே பன்னிரண்டு தாள்களிலும் மறுநாள் கட்டத்தில் டிக் போட்டுவிடுவேன். ஆராதனை முடிந்து எட்டரைக்கு உள்ளே நுழைவேன். சூப்பர்வைசருக்கு இது தெரியும். கார்த்திகையில் அவர் மாலை போட்டிருக்கும் நாட்களில் அவருடைய காலைப் பதிவுகளை நான் பார்த்துக்கொள்வேன். கையெழுத்துப் போடுகிற நாங்கள் நாலைந்து பேருக்கும் இடையில் அப்படி ஒரு வழக்கம் இருந்தது. கல்யாணத்துக்குப் போய்த் தாமதமாக வந்தவருக்கு மெமோ கொடுப்பார்கள். சாமி காரியம் என்றால் யாரும் எதுவும் சொல்வதில்லை.

“போய்ட்டு வாண்ணே. எனக்கும் சேத்து ஜெபம் பண்ணு. போன மாசம் நீ பண்ணதுல எனக்கு ஒண்ணும் வந்து சேரல” என்பார் சூப்பர்வைசர்.

லைனில் பிரஸ் ஓட்டியவர்களுக்கு அந்த ஏற்பாடு தெரியாது. அவர்கள் என்னைப் ‘போதகர்’ என்று கேலி செய்வார்கள். “போதகர் டிக் போட்டாருன்னா கர்த்தரே கையெழுத்து போட்ட மாரிடா” என்று ஒருவன் சொல்லுவான், மற்றவர்கள் சிரிப்பார்கள். எனக்கு அது பிடித்திருந்தது என்பதையும் இங்கே எழுதிவிட வேண்டும்.

அந்த ஞாயிறு 7.15க்கு எங்கள் வரிசை எழுந்தது. பலிபீடத்துக்கு முன் முழங்காலிட்டேன். 7.20க்கு மூன்றாம் எண் பிரஸ், ஒரு கை மட்டும் பட்டனில் இருக்க, கீழே இறங்கியது. தகட்டை நேராக வைக்கப் போன ஒரு பெண்ணின் இடது கையில் ஆள்காட்டி விரலும் நடுவிரலும் முதல் கணு வரை போயின. லைனில் சேர்ந்து நான்கு மாதம் ஆனவர். காஞ்சிபுரம் பக்கத்து ஊர். கணவர் கம்பெனி பஸ் ஓட்டுகிறார், ஸ்ரீபெரும்புதூரில் வாடகைக்கு இருக்கிறார்கள். எட்டரைக்கு நான் போனபோது பிரஸ்ஸைச் சுற்றி மஞ்சள் நாடா கட்டியிருந்தார்கள். இடது பட்டன் உள்ளே அமுங்கிய நிலையிலேயே நின்றிருந்தது. அதன் ஓரத்தில் கிரீஸும் இரும்புத்தூளும் கெட்டியாக அடைத்திருந்தன.

பட்டன் தானாகச் சிக்கியதா, யாராவது சிக்கவைத்தார்களா என்பதுதான் விசாரணையின் கேள்வி. வேகமாக அடிப்பதற்காகச் சில ஆபரேட்டர்கள் ஒரு பட்டனில் அட்டைத் துண்டைச் சொருகி வைப்பது உண்டு. ஆறு மணிக்கு எல்லாம் சரி என்று தாள் சொல்கிறது. ஏழு இருபதுக்குப் பட்டன் சிக்கியிருக்கிறது. இடையில் அந்த இடத்தில் இருந்தவர் அந்தப் பெண் ஒருவர்தான். அப்படியானால் அவர்தான் ஏதோ செய்திருக்க வேண்டும். பாதுகாப்பு விதியை மீறினார் என்று முடிவானால் வேலை போகும். விரலும் போய், விரலைத் தானே போக்கிக்கொண்டவள் என்ற பெயரும் நிற்கும்.

புதன்கிழமை மாலை மனைவியோடு அவரைப் பார்க்கப் போனேன். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு சந்தில் மாடி வீடு. கட்டுப்போட்ட கையைத் தலையணைமேல் உயர்த்தி வைத்து உட்கார்ந்திருந்தார். எங்களைக் கண்டதும் எழப் பார்த்தார்.

“உக்காரும்மா, உக்காரு” என்றாள் என் மனைவி.

“வலி பரவால்லக்கா. மாத்திர போட்டுக்கினா தெரியல.” பிறகு என் பக்கம் திரும்பினார். “அண்ணா, நான் எதையும் சொருகலண்ணா. காலைல வந்து மொத பீஸ் அடிக்கும்போதே அந்த லெஃப்ட் பட்டன் ஒட்டிக்கினு, மேல வராத மாரி இருந்துச்சு. சாரைக் கூப்புடலாமான்னு நெனச்சேன். அப்புறம் ஷீட்டப் பாத்தேன். உங்க டிக் இருந்துச்சு. அண்ணன் நமக்கு முன்னாடியே வந்து பாத்துட்டுத்தான் கோயிலுக்குப் போயிருக்காரு, நமக்குத்தான் தூக்கக் கலக்கம்னு ஓட்ட ஆரம்பிச்சிட்டேன்.”

கையைத் தலையணைமேல் சரிசெய்துகொண்டு அவரே தொடர்ந்தார்.

“ஆபீஸ்ல கேட்டாங்க, அவர் பாத்தது பொய்யான்னு. நான் எப்படிண்ணா அத சொல்லுவேன்? நீங்க கோயிலுக்குப் போற ஆளு. அவங்க கேக்கக் கேக்க எனக்கே சந்தேகமாப் பூடுச்சு, நான்தான் தெரியாம எதனா பண்ணிட்டேனான்னு.” பிறகு, “எனக்கோசரம் ஒரு ஜெபம் பண்ணுங்கண்ணா. எல்லா சாமியும் ஒண்ணுதான்” என்றார்.

இருபத்திரண்டு ஆண்டுகளாகப் பலர் வீட்டில் ஜெபம் செய்திருக்கிறேன். அன்று வாய் திறக்கவில்லை. என் முகத்தைப் பார்த்த மனைவி, அவர் தலைமேல் கை வைத்துத் தானே நாலு வரி ஜெபம் செய்தாள். ஆமென் மட்டும் சொன்னேன்.

திரும்பும்போது படப்பை சாலையில் வண்டியில் பின்னால் உட்கார்ந்திருந்த மனைவி, கண்டெய்னர் லாரிகள் போக ஓரமாக நிறுத்திய இடத்தில் பேசினாள்.

“ஆறு மணிக்கு நீங்க இஸ்திரி போட்டுக்கினு இருந்தீங்க. நான் பக்கத்துல காபி ஆத்திக்கினு இருந்தேன்.”

“ஆமா.”

“சீருடையிலயே போய்ப் பாத்துட்டு வந்திருந்தா?”

“அஞ்சு நிமிஷம் லேட் ஆயிருக்கும்.”

அவள் அதற்கு மேல் கேட்கவில்லை. அந்த ஐந்து நிமிடத்தை அப்போதுதான் முதல்முறை கணக்கிட்டேன். முதல் கீர்த்தனை முடியும் நேரத்தில், நீலச் சீருடையில், கடைசி வரிசையில் உட்கார்ந்திருப்பேன். அது கூடாது என்றுதான், வெள்ளைச் சட்டையில் மூன்றாம் வரிசையில் நேரத்துக்கு உட்காருவதற்காகத்தான், பன்னிரண்டு பொய் எழுதினேன். வீட்டுக்கு வந்து பழைய டைரிகளைப் பார்த்தேன். இதே போன்ற முதல் ஞாயிறுகள் பதினொன்று இருந்தன.

வியாழன் மாலை எங்கள் சபைப் போதகரிடம் போய் முழுவதும் சொன்னேன். அவர் கவலையோடு கேட்டார்.

“ஆண்டவர்கிட்ட அறிக்க பண்ணிட்டீங்களா?”

“பண்ணிட்டேங்க ஐயா.”

“அப்ப அவர் மன்னிச்சிட்டார். மனச அலட்டிக்காதீங்க. நீங்க ஒண்ணும் சினிமாவுக்குப் போகலியே. அவருடைய பந்திக்குத்தானே வந்தீங்க?”

ஆறுதலுக்காகச் சொன்னார். ஆனால் என்னை உலுக்கியது அந்தக் கடைசி வாக்கியம்தான். சினிமாவுக்குப் போவதற்காக ஒரே ஒரு முறை அந்த டிக்கைப் போட்டிருந்தால் அன்றே என் மனம் குத்தியிருக்கும். பதினொரு முறையும் குத்தாமல் இருந்ததற்குக் காரணம் நான் போன இடம். ஞாயிறு பள்ளியில் பத்து வருடம் பிள்ளைகளுக்கு வேதத்தின் பத்துக் கட்டளைகளைச் சொல்லிக்கொடுத்தவன் நான். பொய்ச்சாட்சி என்றால் கோர்ட்டில் கூண்டேறிப் பொய் சொல்வது என்று விளக்குவேன். கிரீஸ் படிந்த ஒரு தாளில் பேனாவால் போடும் கோடும் சாட்சிதான் என்று எனக்குத் தோன்றியதே இல்லை. அந்தப் பெண்ணுக்கு என் சபையும் தெரியாது, கட்டளைகளும் தெரியாது. கோயிலுக்குப் போகிற ஆள் பொய் எழுத மாட்டார் என்ற ஒன்றைத்தான் அவர் என் மதத்தைப் பற்றி நம்பினார். அதை நம்பித்தான் கையை உள்ளே நீட்டினார்.

வீட்டில் மனைவியிடம் போதகர் சொன்னதைச் சொன்னேன். அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள்.

“விரல் போனது ஆண்டவருக்கா? அவர் மன்னிச்சிட்டாருன்னு சந்தோஷமா வரீங்க” என்றாள், முறத்திலிருந்து தலை நிமிராமலே.

வெள்ளிக்கிழமை சாப்பாட்டு நேரத்தில் சூப்பர்வைசர் என்னைக் கேன்டீனுக்கு வெளியே, மரத்தடிக்கு அழைத்துப் போனார். என் முகத்தைப் பார்த்தே அவருக்கு விஷயம் புரிந்திருந்தது.

“அண்ணே, நாளைக்கு இன்னா சொல்லப் போற?”

“நான் பாக்கலன்னு.”

“ஒனக்கு இன்னா பைத்தியமா? ஒரு டிக்குண்ணே. நீ சொன்னா ஒன்னோட போவாது. எனக்கு ரெண்டு பொண்ணு கீது. அந்தப் பொண்ணுக்கு வேற கம்பெனில வேல வாங்கித் தரலாம், எனக்குத் தெரிஞ்ச ஆளு கீறான்.”

“உங்க பேர நான் சொல்ல மாட்டேன்.”

“நீ சொல்லலன்னா அவங்க கேக்க மாட்டாங்களா?” அவர் கண்கள் கலங்கின. “சாமிக்குத்தானேண்ணே ரெண்டு பேரும் போனோம்.”

போதகர் சொன்னதைத்தான் அவரும் வேறு சாமியின் பெயரில் சொன்னார்.

சனிக்கிழமை பதினொரு மணிக்கு விசாரணை. மேசைக்கு அந்தப் பக்கம் மனிதவள அதிகாரியும் பாதுகாப்பு அதிகாரியும். இந்தப் பக்கம் அந்தப் பெண், அவர் கணவர், சூப்பர்வைசர், நான். சோதனைத் தாள் மேசைமேல் இருந்தது. என்னைக் கேட்டபோது டைரியை அந்த ஞாயிற்றுப் பக்கத்தில் திறந்து தாளுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

“ஆறு மணிக்கு நான் கம்பெனியில இல்ல சார். அந்த டிக் சனிக்கிழம சாயங்காலம் போட்டது. பட்டனை நான் தொட்டுப் பாக்கல.”

பாதுகாப்பு அதிகாரி இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார். “இது வேற யாருக்குத் தெரியும்?”

“டிக் போட்டது நான் சார்.”

“அத கேக்கல. யாருக்குத் தெரியும்?”

நான் மேசைமேல் இருந்த தாளையே பார்த்தேன். சூப்பர்வைசர் கழுத்தைத் தடவிக்கொண்டார், மாலை இருக்கும் நாட்களில் செய்வது போல.

“எனக்குத் தெரியும் சார்” என்றார். “நானும் இப்படிப் போயிருக்கேன்.”

அந்தப் பெண் என்னைப் பார்த்தார். “அப்போ அன்னிக்கு அந்தப் பட்டனை யாருமே பாக்கலையாண்ணா?”

“யாரும் பாக்கலம்மா. தப்பு என்னுது.”

அவர் அழவில்லை, திட்டவுமில்லை. கட்டுப்போட்ட கையை மடியில் இழுத்து வைத்துக்கொண்டார். மன்னித்தேன் என்று அன்றும் சொல்லவில்லை, இதுவரை சொல்லவுமில்லை. நானும் கேட்கவில்லை. கேட்டால் கோயிலுக்குப் போகிற ஆள் கேட்கிறாரே என்று கொடுத்துவிடுவாரோ என்ற பயம்.

அவர்மேல் இருந்த குற்றச்சாட்டை எழுத்திலேயே நீக்கினார்கள். கை ஆறியதும் பேக்கிங் பிரிவில் வேலை கொடுத்தார்கள். சூப்பர்வைசருக்கு மெமோவும் வேறு பிளான்ட்டுக்கு மாற்றமும். போகும் நாளில் என்னிடம் சொல்லிக்கொள்ளவில்லை. பொங்கலுக்கு மட்டும் ஒரு வாழ்த்துப் படம் அனுப்பினார், நானும் அனுப்பினேன். என்னை ஸ்டோர்ஸுக்கு மாற்றினார்கள். சோதனைத் தாளில் கையெழுத்துப் போடும் தகுதி எனக்கு இப்போது இல்லை. முதல் ஞாயிற்றில் ஓ.டி. இருந்தால் ஆறு மணிக்கு ஸ்டோர்ஸில் இருக்கிறேன், திருவிருந்துக்குப் போவதில்லை. சபையில் இதை விசுவாசத்திலிருந்து பின்வாங்குதல் என்று சிலர் பேசுவதாக மனைவி சொன்னாள். ஓ.டி. இல்லாத மாதங்களில் போகிறேன், கடைசி வரிசையில் உட்காருகிறேன்.

தினமும் ஒன்பது மணிக்கு ஸ்டோர்ஸிலிருந்து பேக்கிங்குக்கு அட்டைப்பெட்டிகள் கொண்டுபோவது என் வேலை. ஒரு கட்டுக்கு இருபத்தைந்து. கட்டின்மேல் எண்ணிக்கைச் சீட்டும் அதில் என் கையெழுத்தும் இருக்கும். மற்றவர்கள் கொண்டுவரும் கட்டுகளைச் சீட்டைப் பார்த்து வாங்கிக்கொள்கிறார்கள். அந்தப் பெண் என் கட்டை மட்டும் அவிழ்க்கிறார். இடது கையின் மூன்று விரல்களால் பெட்டிகளை அணைத்துப் பிடித்து, வலது கையால் ஒவ்வொன்றாகத் தள்ளி, உதடு அசைய எண்ணுகிறார். அதற்கு இரண்டு நிமிடம் ஆகும். ஒருநாள் பக்கத்தில் இருந்தவள், “போதகரு கட்டையே எண்ணிப் பாக்குறியே, நம்பலாம்டி” என்றாள். அவர் எண்ணுவதை நிறுத்தவில்லை.

முடிந்ததும், “சரியா கீதுண்ணா” என்கிறார். அதுவரை நான் அங்கேயே நிற்கிறேன்.