வாலெரியனுக்கு வாய்த்த ஞானத்தந்தை

கடவுள் இல்லை என்று சொல்வதற்காக அரசாங்கம் வாலெரியனுக்குச் சம்பளம் கொடுத்துவந்தது. குத்தைசி நகருக்கு மேற்கே இருக்கும் எங்கள் ஜார்ஜியச் சிற்றூரில் அது சொகுசான உத்தியோகம். பழைய மாதா கோயிலைக் கம்யூனிஸ்ட் கட்சி நாத்திக அருங்காட்சியகமாக மாற்றியிருந்தது. பீடம் இருந்த இடத்தில் மேசை போட்டு உட்கார்ந்துகொண்டு, பள்ளிக்கூடத்திலிருந்து வரிசையாக வரும் பிள்ளைகளுக்குக் குரங்கு மனிதனான படத்தைக் காட்டுவார். பிள்ளைகள் கொட்டாவி விடுவார்கள். அவரும் விடுவார். சொல்வதை அவர் நம்பினாரா என்று யாரும் கேட்டதில்லை. அந்தக் காலத்தில் மானம் மரியாதை உள்ளவர்கள் ஒருவரையொருவர் அப்படியெல்லாம் கேட்க மாட்டார்கள்.

பிறகு ஆட்சி கவிழ்ந்தது. சதுக்கத்துச் சிலையை இழுத்துத் தள்ளக் கயிறு கொண்டுவந்தவர், மாவட்டக் கட்சிச் செயலாளர் தொமெந்தி. சிலையைத் திறந்துவைத்தவரும் அவர்தான் என்பதால், எந்தப் பக்கம் சாய்த்தால் சுலபமாக விழும் என்று அவருக்கே தெரிந்திருந்தது. அடுத்த மாதம் அவர் புதிய தேசியக் கட்சியின் மாவட்டத் தலைவர். அதே அறை, அதே நாற்காலி. சுவரில் ஆணிகூட அதே ஆணிதான். அதில் இப்போது புனித ஜார்ஜ் குதிரையோடு தொங்கினார்.

கோயிலைத் திருச்சபையிடம் திருப்பிக் கொடுக்கப் போகிறார்கள் என்ற செய்தி வந்தது. வாலெரியனின் மேசைக்கு இனி அங்கே இடமில்லை. அவர் மனைவி சியாலாவுக்கு எரிச்சல்.

"ஊரே ஆத்துல முங்கி ஞானஸ்நானம் வாங்குது. நீங்க கரையில நின்னு வேடிக்கை பாருங்க. நாளைக்கு வேலை போச்சுன்னா அந்தக் குரங்கு வந்தா சோறு போடும்?"

ஞானஸ்நானம் வாங்க, பக்கத்தில் நிற்க ஒரு ஞானத்தந்தை வேண்டும். மற்றவர்கள் சிநேகிதனையோ மச்சானையோ நிறுத்திக்கொண்டார்கள். வாலெரியன் அப்படி அசட்டுத்தனம் செய்வாரா? வேலை யார் கையில் இருந்ததோ அவர் காலில் போய் விழுந்தார். "தோழர்..." என்று தொடங்கி, நாக்கைக் கடித்துக்கொண்டு, "ஐயா, நீங்கதான் எனக்கு ஞானத்தந்தையா நிக்கணும்" என்றார். தொமெந்தியே முந்தின வாரம்தான் முங்கி எழுந்திருந்தார், காதில் தண்ணீர்கூட வடிந்திருக்காது. பெருந்தன்மையோடு ஒப்புக்கொண்டார்.

ஆற்றங்கரைக்கு ஒரு பத்திரிகைக்காரரும் வந்திருந்தார். நாத்திகப் பேச்சாளர் ஈரத்துணியோடு நிற்பதைப் பார்த்துவிட்டு விடுவாரா? வாலெரியனும் விடவில்லை. "சுவத்துல இருக்கிற புனிதர்களோட படத்தைக் காப்பாத்தத்தான் அந்த வேலையிலயே சேர்ந்தேன். பகல்ல கடவுள் இல்லைன்னு சொல்வேன், கதவைச் சாத்திட்டு மண்டி போட்டு ஜெபிப்பேன்" என்று எடுத்துவிட்டார். கண்ணில் நீர் வேறு. ஆற்றுத் தண்ணீராக இருக்கலாம். அது படத்தோடு அச்சில் வந்தது. கோயில் திறந்ததும் அவரை நிர்வாகச் செயலாளர் ஆக்கினார்கள். மேசையை மட்டும் பீடத்திலிருந்து எடுத்து வாசலோரம் போட்டார்கள்.

எங்கள் ஊரில் ஞானத்தந்தை உறவு ரத்த உறவுக்கும் ஒரு படி மேல். இரண்டு வீட்டுப் பிள்ளைகளும் அண்ணன் தங்கை முறை. கட்சி மாறியவனை மன்னிப்போம், கூட்டுப்பண்ணை டிராக்டரைத் தன் கொட்டகையில் நிறுத்திக்கொண்டவனையும் மன்னிப்போம். அந்த உறவுக்குள் கல்யாணம் பேசுகிறவனை மன்னிக்க மாட்டோம்.

வாலெரியனின் ஒரே மகள் நெஸ்தான் வளர்ந்து, மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்து, ஊரில் இத்தனை பையன்கள் இருக்க, தொமெந்தியின் மகன் லாஷாவைத்தான் காதலித்தாள்.

தொமெந்தி அப்போது மூன்றாவது கட்சியில் இருந்தார். "எனக்கொண்ணும் இல்லய்யா. ஆனா தேர்தல் வருது, ஊர் காறித் துப்பும். கோயில் சாமியார் அந்த உறவே செல்லாதுன்னு சொல்லட்டும், நானே பந்தி வைக்கிறேன்" என்று ஒதுங்கிக்கொண்டார்.

நெஸ்தான் அப்பாவிடம் வந்தாள்.

"அப்பா, நீங்க வேலைக்காகத்தான் முங்கினீங்கன்னு எனக்குத் தெரியும். அதை அப்படியே போய்ச் சாமியார்கிட்ட சொல்லுங்க. மனசுல நம்பிக்கையே இல்லாம வாங்கினது செல்லாதுன்னு அவர் சொன்னாப் போதும். உங்ககிட்ட வேற ஒண்ணும் கேக்கல."

"செயலாளர் பதவி போயிடும்மா."

"என் வாழ்க்கை போகுதுப்பா."

மகள் என்றால் அவருக்கு உயிர். அதில் மட்டும் கலப்படம் கிடையாது. ஆனாலும் ஈஸ்டர் முடியட்டும், திருவிழா முடியட்டும் என்று தள்ளிக்கொண்டே போனார். மகள் சாப்பிடாமல் எழுந்து போன ஒரு நாள், தாங்க முடியாமல் கிளம்பிவிட்டார்.

சாமியார் பெஸாரியோன், ஒரு காலத்தில் அந்தக் குரங்குப் படத்துக்கு முன்னால் நின்று கொட்டாவி விட்ட பிள்ளைகளில் ஒருவர். வாலெரியன் ஒன்று விடாமல் சொன்னார். வாழ்நாளில் முதல் முறையாக, யாரும் சம்பளம் தராமல் உண்மை பேசினார்.

சாமியாருக்குக் கண் கலங்கிவிட்டது.

"பெத்த பொண்ணுக்காக எவ்வளவு பெரிய பொய் சொல்றீங்க, ஐயா!"

"பொய் இல்ல சாமி. எனக்கு அன்னைக்கும் நம்பிக்கை இல்ல."

"எங்களுக்குப் பாடம் நடத்தினப்பவும் இதையேதான் சொன்னீங்க. உள்ளுக்குள்ள என்ன இருந்துச்சுன்னு அப்புறம் பேப்பர்ல வந்துச்சே. அதைப் படிச்சுத்தான் நானே இந்த அங்கியைப் போட்டேன். வெளியில யார்கிட்டயும் சொல்ல மாட்டேன், கவலைப்படாதீங்க. ஒரு மெழுகுவர்த்தி ஏத்திட்டுப் போங்க."

வாலெரியன் கெஞ்சினார், சத்தியம் செய்தார். கடவுள் மேல் ஆணையாக நம்பிக்கை இல்லை என்றுகூடச் சொல்லிப் பார்த்தார். சாமியார் அவர் தலையில் கை வைத்து ஆசீர்வதித்து அனுப்பினார். பதவிக்கு ஒரு குறையும் வரவில்லை.

வீட்டில் நெஸ்தான் பெட்டியைக் கட்டிக்கொண்டிருந்தாள். லாஷாவும் அவளும் குத்தைசிக்குப் போய், அரசாங்கப் பதிவு அலுவலகத்தில் கல்யாணத்தை முடித்துக்கொண்டு, திரும்பி வராமல் இருந்துவிடுவதாக முடிவு. நடந்ததை அவர் சொன்னார். அவள் நம்பினாள். ஊரில் நம்பியவள் அவள் ஒருத்திதான். அருகில் வந்து கன்னத்தில் முத்தம் கொடுத்தாள்.

வாலெரியன் அவசரமாகக் கோட்டை எடுத்து மாட்டினார்.

"பதவி போனாப் போகுது. நானும் வர்றேன்மா. சாட்சிக் கையெழுத்து நான் போடறேன்."

அவள் கோட்டை மெதுவாக அவர் தோளிலிருந்து கழற்றினாள். கோபமாகச் சொல்லியிருந்தால் தாங்கியிருப்பார்.

"வேண்டாம்பா. சாட்சின்னா, சொன்னா நாலு பேர் நம்பற ஆளா இருக்கணும்."