துரை கழுவிய தட்டு

புனே பாணேரில் உள்ள என் ஃபிளாட்டின் லிஃப்டில் இன்று அடித்த நனைந்த ரெயின்கோட் வாசனை, எப்போதோ இடித்துவிட்ட, கேம்ப் பகுதியில் இருந்த தியேட்டருக்குள் என்னை இழுத்துப்போய்விட்டது. தொண்ணூறுகளில் ஞாயிறு காலைகளில் அங்கே பிரிட்டிஷ் படம் போடுவார்கள்; தகரக் கூரையில் புனே மழையும் திரையில் இங்கிலாந்து மழையுமாகக் கொட்ட, எது எந்த ஊர் மழை என்று தெரியாமல் வாய்பிளந்து உட்கார்ந்திருப்பேன். ஒருநாள் படத்தில், ஆலையை மூடியதில் வேலை போன வெள்ளைக்காரர் ஒருவர், சமையலறையில் தட்டு கழுவிக்கொண்டே அழுதார்.

துரைமார் மிடுக்கையே மெச்சிப் பேசும் அப்பா, "பாருடி, துரையே பாத்திரம் தேய்க்கறான்!" என்று என் காதில் கிசுகிசுத்தார்.

அன்று வீட்டில் சாப்பிட்டு முடித்ததும், முதல்முறையாக, தன் தட்டை எடுத்துக்கொண்டு குழாயடிக்குப் போனார் அப்பா. பேசினால் நிறுத்திவிடுவாரோ என்று, அம்மா மூச்சைப் பிடித்துக்கொண்டு வாசற்படியிலேயே நின்றாள்.