மஞ்சள் போட்டுச் சிவந்த சீப்பு

நெல்லித்தோப்பு ராஜாம்பாளுக்கு நாலு பெண்கள். கடைக்குட்டி சரிதா, முதலில் பேசிவிட்டு அப்புறம் யோசிக்கிற பிறவி. மேட்டுப்பாளையத்துக் கம்பெனியில் வேலை பார்க்கும் ராஜ்கமலைக் கட்டிக்கொண்டாள். அவனுடைய அக்கா செல்வாம்பாள். செல்வாம்பாளின் மகள் தீபலட்சுமிக்கு நிச்சயதார்த்தம் கூடி வந்தது. தாய்மாமன் வீட்டுச் சீர்த்தட்டைப் பற்றிப் பேச்சு எழுந்ததுமே சரிதா வாயை விட்டுவிட்டாள்.

"ஒரு தட்டுக்கு நானே க்ளேல வாழப்பழச் சீப்பு செஞ்சு கொண்டாறேன் அண்ணி!"

"சம்மந்தி வூட்டாரு முன்னால மானத்த வாங்கிடாதடி. கோணலா வந்துச்சு, ஆயுசுக்கும் சொல்லிக் காட்டுவேன்," என்றாள் செல்வாம்பாள். சொல்லிக் காட்டுவதில் அவளை மிஞ்ச அந்தக் குடும்பத்தில் ஆள் கிடையாது. பதினேழு வருஷத்துக்கு முன்னால் தீய்ந்துபோன கேசரியை இன்னும் விடவில்லை.

விசேஷத்துக்கு ஒரு வாரம் இருக்கையில் சரிதா, பொம்மை பிடிக்கிற அந்த க்ளே மாவுக்காகச் சோளமாவையும் சோடா உப்பையும் தண்ணீரில் கரைத்து, அடுப்பில் களி மாதிரி கிண்டினாள். பால் வெள்ளையாகத் திரண்டது. கடைச் சாயம் எதற்கு என்று மஞ்சள்தூளைக் கொட்டிப் பிசைந்தாள். பிசையப் பிசைய மாவு சிவந்தது.

"ஐயையோ, இங்க வந்து பாருங்க! ஆரத்தி கரைச்ச மாதிரி ஆயிடுச்சு!"

ராஜ்கமல் எட்டிப் பார்த்தான். "மஞ்சளோட சுண்ணாம்பு சேந்தா செவக்குமில்ல, சோடா உப்பும் அந்த ஜாதிதான் போல. எலுமிச்சம்பழம் புழிஞ்சா சரியாப்பூடும்."

ஒரு உருண்டையைக் கிள்ளிப் பிழிந்தான். உருண்டை புஸ்ஸென்று நுரைத்துப் பொங்கி அவன் கைலியில் வழிந்தது. அழ வேண்டிய சரிதா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள்.

"எது நொரைக்குதோ நொரைக்கட்டும். மிச்ச மாவு செவ்வாழை!"

உருட்டி, வளைத்து, சீப்பாகச் சேர்த்து மாடியில் காயவைத்தாள். நுனிக்குக் கண்மை தொட்டாள். மேலே தேங்காய் எண்ணெய் தடவினாள்.

மண்டபத்தில் தட்டுகளை வரிசையாக வைத்ததும் செல்வாம்பாள் வந்து ஒவ்வொன்றாகப் பார்த்தாள்.

"செவ்வாழையா! பரவால்லையே. எங்கடி உன் க்ளே சீப்பு? ஊத்திக்கிச்சா? எனக்கு அப்பவே தெரியும்."

சரிதா முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு நின்றாள். ராஜ்கமல் விட்டத்தைப் பார்த்தான். காலையிலிருந்து பச்சைத் தண்ணிகூடப் படாத வயிறு செல்வாம்பாளுக்கு. ஒரு பழத்தைப் பிய்த்து உரிக்கப் போனாள். நகம் வழுக்கியது. மறுபடி முயன்றாள். பழத்தைக் காதருகே ஆட்டிக்கூடப் பார்த்தாள்.

"அடிப் பாவி!"

சரிதா ராஜ்கமலின் முதுகுக்குப் பின்னால் ஒதுங்கினாள். செல்வாம்பாள் பிய்த்த பழத்தைச் சீப்பிலேயே பாங்காகச் சொருகினாள். தட்டைத் தூக்கினாள். முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை.

"பேசாம என் பின்னாடி வாடி. சிரிச்ச, தொலைச்சுடுவேன்."

நேரே மாப்பிள்ளையின் அப்பாவிடம் போய் நின்றாள்.

"சம்மந்தி, பசியா இருப்பீங்க. எங்க தம்பி பொண்டாட்டி பாத்துப் பாத்துக் கொண்டாந்த பழம். ஒண்ணு உரிச்சுச் சாப்டுங்களேன்."