போன் மட்டும் போட்டிருக்கிறார்கள்

வக்கீலான நான் இன்று என் ஆபீசுக்குக் காலண்டர் ஆர்டர் கொடுக்க சிவகாசிக்குப் போயிருந்தேன்.

அச்சகத்தில் பில் போட்ட பெண் பி.காம். படித்தவள். கடைசி செமஸ்டரில் ஒரு பேப்பர் ஃபெயில். மறுமதிப்பீட்டுக்கு விண்ணப்பித்து எட்டு மாதமாகியும் பதில் இல்லை. மேலே படிக்கவும் வழியில்லை.

"ஏன் இன்னும் வரலைன்னு எழுதி மனு கொடுத்தியாம்மா?"

"இல்ல சார். கிளாஸ்ல மறுமதிப்பீடு கேட்ட பதினோரு பேரும் யுனிவர்சிட்டிக்குப் போன்தான் போடுறோம். எழுதிக் கேட்டா கோவிச்சுக்கிட்டு ஃபெயிலாக்கிருவாகள்ல?"

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பதினோரு பேரில் ஒருவர்கூட எழுதிக் கேட்கவில்லை! மனுவே இல்லாமல் எதைக் காட்டி ஹைகோர்ட்டுக்குப் போவது?

அங்கேயே எழுத வைத்தேன். பதிவுத் தபாலில் அனுப்பி, ரசீதைப் பத்திரமாக வைக்கச் சொன்னேன்.

தேதி போடச் சுவரை நிமிர்ந்து பார்த்தாள். அத்தனையும் அடுத்த வருஷக் காலண்டர்.

அந்தக் காலண்டர் கிழிவதற்குள்ளாவது மார்க் வந்துவிடும்தானே, மக்களே?