அமெரிக்கப் பாட்டின் வாலில் ஒரு குரல்

பிள்ளைகளா, நேற்று மூத்தவள் போனில் ஒரு பாட்டைப் போட்டுவிட்டு, "அப்பா, இது அமெரிக்க ராக். ஒங்களுக்கு வெளங்காது" என்றாள். கிட்டார் கரகரத்ததும் என் கண் தானாக வாசல் பக்கம் போனது. விளங்காமலென்ன, யுத்த காலத்தில் அந்தச் சத்தத்துக்குப் பயந்து நடுங்கிய மாத்தளைக்காரன் நான்.

கல்யாணத்துக்கு முன்பு டவுனில் ஒரு ரெக்கோடிங் பாரில் வேலை பார்த்தேன். கசெட்டில் பாட்டுப் பதிந்து கொடுக்கும் கடை. சூடான மெஷினும் பிளாஸ்டிக்கும் கலந்த அந்த வாசம் இப்போதும் புதுச் செருப்பை முகர்ந்தால் வரும். (ஏன் முகர்கிறேன் என்று கேட்காதீர்கள்.) அங்கே வருவார் ஒரு யாழ்ப்பாணத்து அண்ணன், அரசாங்கக் கந்தோரில் கிளாக்கர். அவருடைய தம்பி அமெரிக்காவிலிருந்து கசெட் அனுப்புவான். அங்கத்து நாலு பையன்களின் ராக் பேண்ட். கம்பனி எதுவும் கிடையாது. கார் நிறுத்தும் கொட்டகையில் தாங்களே பதிந்து, வேனில் ஏற்றி ஊர் ஊராகத் தாங்களே விற்பார்களாம். முதல் தடவை போட்டபோது முதலாளி ஓடிவந்து, "மெஷின் போச்சாடா?" என்றார். தேயிலை ரோலருக்குள் கல் விழுந்த மாதிரி இருந்தது. கேட்கக் கேட்கப் பாடுகிறவன் மேல் பாவம் வந்தது. யாரோ வெளியே பூட்டிவிட்டுப் போனமாதிரி கத்துவான்.

பாட்டெல்லாம் முடிந்து சற்று நேரம் ஒன்றும் கேட்காது. பிறகு தம்பி பேசுவான். கடிதங்களை ஆமிக்காரர்கள் பிரித்துப் பார்க்கிற காலம் அது. பாட்டுக் கசெட்டை யார் கடைசிவரை கேட்கப் போகிறார்கள் என்று, இப்படி வாலில் ஒளித்து அனுப்புவான். நாடா சிக்கிய ஒரு கசெட்டைச் சரிசெய்தபோது நானும் கேட்டேன். ஊரில் செல் குண்டு விழுந்ததாமே, அம்மா உயிரோடிருக்கிறாளா, ஆயுதம் தூக்கி இயக்கத்துக்குப் போன மச்சான் எங்கே என்றெல்லாம் கேட்டு அழுதிருந்தான்.

அன்று பின்னேரம் அந்தக் கசெட்டோடு அண்ணனும் நானும் பஸ் ஏறினோம். இருவருக்கும் அலுவிகாரையில் ஒரே போர்டிங். செக் பொயின்டில் ஓர் இளம் ஆமிக்காரன் ஏறி, அண்ணனின் பையிலிருந்து அதை எடுத்தான். என்னவென்று சிங்களத்தில் கேட்டான். "அமெரிக்கப் பாட்டு மஹத்தயா" என்றேன். டிரைவரிடம் கொடுத்துப் போடச் சொன்னான்.

கிட்டார் அலறியது. பின்னால் ஒரு அக்கா, "ஐயோ, இஞ்சினு ஒடஞ்சிருச்சா?" என்றார். பஸ்ஸே சிரித்தது. அண்ணன் என் காதில், "தம்பி, கடைசி வரைக்கும் ஓடிச்செண்டால் என்ரை கதை முடிஞ்சுது" என்றார்.

சலித்துப்போய்த் திருப்பித் தந்துவிடுவான் என்றிருந்தேன். அவனோ பூட்ஸால் தாளம் போட ஆரம்பித்தான்! வஹகோட்டை அந்தோனியாரே, இவனுக்கு இது பிடிக்கக் கூடாது என்று வேண்டினேன். கடையில் நான் நாடாவை முழுக்கத் திருப்பிச் சுற்றாமல் விட்டிருந்தேன், அந்தக் குரலுக்கு இன்னும் ஒரே பாட்டுத்தான் மிச்சம். அவன் கசெட்டை வெளியே எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு, கேட்டுவிட்டுத் தருகிறேன் என்று இறங்கினான்.

உண்மையான பயம் அதற்குப் பிறகுதான். வாசலில் ஜீப் சத்தம் கேட்டால் அண்ணன் சோற்றைப் பிசைந்தபடி அப்படியே இருப்பார். ஒரு காலை, "ஆரிட்டையும் சொல்லாதையும்" என்று மட்டும் சொல்லிவிட்டு, ஒரு பையோடு போய்விட்டார்.

கொஞ்ச நாள் கழித்துச் செக் பொயின்டில் அதே ஆமிக்காரன் என்னைக் கைகாட்டித் தனியே கூப்பிட்டான். கசெட்டை நீட்டினான்.

"கடைசியில ஒருத்தன் அழுறானே, ஒண்ணும் வெளங்கல. அம்மாங்கிறது மட்டும் வெளங்கிச்சு" என்று சிங்களத்தில் சொன்னான். பிறகு, "அவங்க அம்மா இருக்காங்களா?" என்றான்.

தெரியாது என்றேன்.

கசெட்டைக் கொடுக்க அண்ணனின் கந்தோருக்குப் போய் விசாரித்தேன். என்னை ஆமிதான் உளவு பார்க்க அனுப்பியிருக்கிறது என்று நினைத்தார்களோ என்னவோ, அப்படி ஒருவரைத் தெரியவே தெரியாது என்றார்கள்.

கசெட்டைப் பூஞ்சணம் தின்றுவிட்டது. செக் பொயின்ட் இருந்த இடத்தில் இப்போது தம்பிலி இளநீர் விற்கிறார்கள். பயப்பட ஒன்றுமில்லை, திரும்பி வாங்க அண்ணே என்று சொல்ல எனக்கு ஆசைதான். சொல்வதற்கு அவரைத்தான் காணவில்லை.