சீனாக்காரன் கும்பிடு

டிவில டப்பிங் சண்டைப்படம் போட்டா இன்னைக்கும் நான் எந்திரிக்க மாட்டேனுங்க. ஊட்ல எல்லாரும் சிரிப்பாங்க. சிரிச்சுட்டுப் போகட்டும். மூணாவதோட பள்ளிக்கூடத்த உட்டவன் நான், எனக்கு இதுதான் புடிக்கும்னு சொல்லிப்போடுவேன்.

தொண்ணூத்தி எத்தனையோ, வருசம் நெனப்பில்ல. தொண்டாமுத்தூர் பக்கம், ஊருக்கு வெளிய தனியாக் கெடக்கற தெருவுதான் எங்க வளவு. தென்னந்தோப்புல ஆனை எறங்குன வருசம்னு சொல்லலாம். ஆனை எறங்காத வருசம் எதுன்னு கேட்டா அதுவும் செரிதான். அது கெடக்கட்டும்.

என்ற தாய்மாமன் காந்திபுரத்துல ஒரு லாட்ஜுல வேலையா இருந்தாரு. பொங்க நோம்பிக்கு வந்தவரு வளவுப் பசங்களையெல்லாம் கூட்டிட்டுப் போயி கொட்டாய்ல சீனாக்காரன் படம் காட்டுனாரு. நம்ம சந்தகை மாதிரி என்னமோ புழியற கடைல ஒரு குண்டன். அவனும் கூடப் பாத்தரம் கழுவறவனுங்களும் சேந்து பணக்காரப் பசங்களோட வாலிபால் ஆடுவாங்க. அடி வாங்குவான், உருளுவான், பந்தை வயித்துல வாங்கி வயித்துலயே திருப்பி அனுப்புவான். வாய் ஒரு பக்கம் போகும், பேச்சு ஒரு பக்கம் வரும். ஆனா பேசறது நம்ம பேச்சு. "ஏனுங்க மொதலாளி, வலிக்குதுங்களா?"ன்னு அவன் கேக்கறப்ப கொட்டாயே அதிந்துச்சு. ஆட்டத்துக்கு முந்தி ஒரு கும்பிடு போடுவான் பாருங்க, ஒரு கைய முட்டியா மடக்கி, இன்னொரு உள்ளங்கைல வெச்சு, தலைய மட்டும் லேசா சாய்ச்சு. முதுகு வளையாது.

எங்கூர்ல நோம்பிக் கபடிக்குக் கோடு போடறது எங்கப்பன். சுண்ணாம்புத் தூள்ல நூல் புடிச்சாப்ல போடுவாரு. போட்டுட்டு வெளிய வந்துரோணும். ஆடறது மேக்கால தெருப் பசங்க. எங்க பசங்களும் வருசா வருசம் கேப்பாங்க, அடுத்த நோம்பிக்குப் பாக்கலாம்னு பண்ணாடி சொல்லுவாரு. அப்பன் வேலை பாத்த தோட்டம் அவுருதுதான்.

துண்டைக் கக்கத்துல வெச்சுக் குனிஞ்சு கேக்கோணும், அதுதான் வழக்கம். மாமன் அந்த வருசம் துண்டை எறக்கல. நேரா கோட்டுக்குள்ள போயி சீனாக்காரன் கும்பிடு போட்டாரு. "ஏனுங்க, ஒரே ஒரு பாட்டம்"னாரு, அந்தக் குண்டன் கொரல்லயே. சனம் சிரிச்சுது. பண்ணாடிக்கும் சிரிப்பு வந்துருச்சு. "செரி, இந்தக் கோமாளிக கொஞ்ச நேரம் ஆடட்டும்"னாரு.

மாமன் கபடி பாடிட்டுத் தள்ளாடிட்டே போவாரு, உழுவறாப்ல உழுந்து தொட்டுட்டு ஓடியாந்துருவாரு. புடிச்ச மேக்கால தெருப் பசங்க சிரிச்சுச் சிரிச்சே கைய உட்டுட்டாங்க. எங்க பாயிண்டு ஏற ஏறச் சிரிப்பு கொறஞ்சுது. பொறவு சுத்தமா நின்னுபோச்சு.

"வெளையாட்டுப் போதும், வெளிய போங்கடா"ன்னாரு பண்ணாடி.

மாமன் நடுக்கோட்டு மேல சம்மணம் போட்டு உக்காந்துட்டாரு. "ஆட்டம் இன்னும் முடியலீங்க"ன்னாரு. எங்க பசங்களும் உக்காந்தாங்க. பண்ணாடி அப்பன் பக்கம் திரும்பி, "உன்ற மச்சானக் கெளப்புடா"ன்னாரு. அப்பன் சுண்ணாம்புச் சட்டியக் கீழ வெச்சுப்போட்டு உள்ள வந்தாரு. மாமன் தொலைஞ்சாருன்னு நெனச்சேன். அப்பன் கோடு அழியாமப் பாத்துக் கால் வெச்சு நடந்து, மாமனுக்குப் பக்கத்துல உக்காந்தாரு.

பொழுது எறங்கற வரைக்கும் ஆரும் எந்திரிக்கல. அந்த நோம்பிக்குக் கப்பு ஆருக்கும் குடுக்கல. மக்யா நாளு, தோட்டத்துக்கு வரவேண்டாம்னு ஆள் வந்து சொல்லீட்டுப் போனான். அப்பன் உடுமலைப்பேட்டைப் பக்கம் தேங்கா உரிக்கப் போயிட்டாரு. அம்மா ஒரு வார்த்தை ஏசல.

மாமன் ஊருக்குக் கெளம்பறப்ப பஸ்ஸுக்கு நின்னுட்டிருந்தோம். நம்ம தமிழ் நடிகருங்க படம் பக்கத்துக் கொட்டாய்லயே ஓடுச்சே, அதுக்கு ஏன் மாமா கூட்டிட்டுப் போகலன்னு கேட்டேன்.

"அவுங்கல்லாம் ஆராச்சுக்குச் சொந்தம் கண்ணு. எங்காளு எங்காளுன்னு மேக்கால தெருவுல பேனர் கட்டுவாங்க. இந்தக் குண்டனுக்கு இந்த ஊர்ல ஒறமொறைன்னு ஒருத்தனும் இல்ல. அதான்."

எனக்குப் பாவமாப் போச்சுங்க. ஒறமொறையே இல்லாதவன் நோம்பிக்கு ஆரூட்டுக்குப் போவான்னு, பஸ் வர்ற வரைக்கும் அதையே யோசிச்சுட்டு நின்னேன்.