எந்தப் பாலம்?

இந்த ஊரில் படம் முடிந்தாலும் யாரும் எழுந்திருப்பதில்லை. திரையில் பெயர்கள் ஓடி ஓய்ந்து விளக்கு எரியும்வரை இருட்டில் அசையாமல் உட்கார்ந்திருக்கிறார்கள். கும்மிடிப்பூண்டி தியேட்டரில் என்றால், நாயகனும் நாயகியும் ஒன்றுசேர்வதற்குள் பாதிப் பேர் பைக்கை எடுக்க ஓடியிருப்பார்கள். ஜப்பானின் நகோயாவுக்கு வந்து ஆறு வருடமாகியும் அந்தக் கடைசி ஐந்து நிமிடம் எனக்குப் பழகவில்லை. போன மாதம் அதில்தான் மாட்டிக்கொண்டேன்.

தொழிற்சாலையில் என்னோடு வேலை செய்யும் யூகி, ஞாயிற்றுக்கிழமைக் காலைக் காட்சிக்கு அழைத்துப் போயிருந்தாள். காதல் படம். பிரிந்துபோன இருவர் ஒருவரையொருவர் தேடி வருடாவருடம் ஒரு துறைமுகத்துக்கு வருகிறார்கள். நாயகியின் நினைவில் அவர்கள் பிரிந்த இடம் படகுத்துறை. அவன் நினைவில் கலங்கரை விளக்கத்தடி. இரண்டும் கூப்பிடு தூரம்தான். ஆனாலும் சந்திக்காமலே இருவருக்கும் தலை நரைத்துவிடுகிறது. பெயர்கள் ஓடத் தொடங்கியபோது ஊரில் நான் காதலித்த டில்லியின் ஞாபகம் வந்து கண்ணீர் வழிந்தது.

டில்லி பழவேற்காட்டு மீனவர் வீட்டுப் பிள்ளை. நாங்கள் புதுவாயலில் கிறிஸ்தவக் குடும்பம். தொழிற்பேட்டையில் இருவருக்கும் ஒரே கம்பெனி. அவன் செய்த உதிரிபாகங்களைச் சோதித்து, தேறாததை ஒதுக்குவது என் வேலை. ஒதுக்கியதைக் கையில் எடுத்துக்கொண்டு சண்டைக்கு வருவான். அப்படித்தான் பழகினோம். இரண்டு வீட்டிலும் ஒத்துக்கொள்ளவில்லை. எனக்கோ ஜப்பான் வேலை கிடைத்திருந்தது. "திங்கக்கெழம பத்து மணிக்குப் பாலத்தாண்ட வந்துடு ஸ்டெல்லா. நேரா ரிஜிஸ்டர் ஆபீஸ் போயிடலாம்" என்றான். அவன் வந்தால் ஜப்பான் வேண்டாம் என்று முடிவெடுத்திருந்தேன். அன்று மாலையே அண்ணன் என் போனைப் பிடுங்கிக்கொண்டான். திங்கட்கிழமை புதுவாயல் மேம்பாலத்தடியில் லாரிப் புகைக்கு நடுவே ஒன்றரை மணிவரை நின்றேன். டில்லி வரவில்லை. பயந்துவிட்டான் என்று நினைத்தேன். அந்த வீம்பிலேயே கம்பெனிக்கும் போகாமல், அடுத்த மாதம் விமானம் ஏறினேன்.

விளக்கு எரிந்ததும் யூகி என் முகத்தைப் பார்த்து, "தாய்ஜோபு?" என்றாள். ஒன்றுமில்லையே என்று கேட்கிறாள். "தோனோ ஹாஷி?" என்றேன். எந்தப் பாலம் என்று என்னையே கேட்டுக்கொண்டது, வாய்தவறி அவள் மொழியில் வந்துவிட்டது. ஹாஷி என்றால் பாலம். முதல் எழுத்தை அழுத்திச் சொன்னால் சாப்பிடும் குச்சி. பசியில்தான் அழுகிறேன் என்று எண்ணிக்கொண்டு யூகி என்னை நூடுல்ஸ் கடைக்கு இழுத்துப் போய், கையில் குச்சியைத் திணித்தாள். மறுக்காமல் சாப்பிட்டேன். நல்ல பசியும் இருந்தது.

அறைக்கு வந்து, பழைய கம்பெனித் தோழி கோகிலாவிடம் டில்லியின் எண்ணைக் கேட்டு வாங்கினேன். ஊரில் அப்போது காலைப்பொழுது.

"நான்தான், ஸ்டெல்லா."

"நல்லாக்கீறியா?" என்றான்.

"அன்னிக்கு ஏன் வரல?"

"யாரு, நானா வரல? காலைல ஒம்பதுலர்ந்து பாலத்தாண்ட நின்னுக்கினு இருந்தேன். மூணு மணி வரிக்கும். வெயில்ல கருவாடா ஆயிட்டேன்."

"எந்தப் பாலம் டில்லி?"

"இன்னா கேள்வி இது? பாலம்னா எங்க ஊரு பாலம்தான். ஏரி மேல கீதே!"

"நான் புதுவாயல் மேம்பாலத்துக்குக் கீழ நின்னேன்."

அவன் சிரிக்கிறானா அழுகிறானா என்று தெரியவில்லை. நான் இரண்டையும் செய்துகொண்டிருந்தேன். ஆறு வருடம் ஒருவர்மேல் ஒருவர் சுமத்தி வைத்திருந்த குற்றத்தை யாருமே செய்யவில்லை.

"கல்யாணம் ஆயிடுச்சா?" என்று மெல்லக் கேட்டேன்.

"ஊட்ல பொண்ணு பாத்துக்கினேதான் கீறாங்க. நான்தான் சரின்னு சொல்லல. உனுக்கு?"

"இல்ல."

"அப்ப எப்ப வர்ற?"

மறுநாளே அலுவலகத்தில் விடுமுறைப் படிவம் வாங்கினேன். 'திரும்பும் நாள்' என்ற கட்டத்தில், டிசம்பரில் சென்னையில் இறங்கும் தேதியை எழுதிக் கொடுத்தேன். படிவங்களைச் சரிபார்க்கும் சாதோ அம்மையார் அதைப் பார்த்துவிட்டு, "இது நீங்கள் இங்கே திரும்பி வரும் நாள், ஸ்டெல்லா-சான்" என்றார் பொறுமையாக. நான் எழுதியதில் என்ன தவறு என்று புரியவே சற்று நேரமாயிற்று. இங்கே எழுதியதை அழிக்கும் வழக்கமில்லை. இரண்டு கோடு கிழித்து மேலே எழுத வேண்டும். அப்படியே செய்தேன். கோட்டுக்கு அடியில் ஊருக்குத் திரும்பும் நாள், மேலே இங்கே திரும்பும் நாள். இரண்டு தேதியும் தெளிவாகவே தெரிந்தன.